பாண்டியர் கதையில் விடுபட்ட மங்கோலியர்

1291-ல் பாரசீகத்தின் தப்ரீஸ் நகரிலிருந்து ஓர் இத்தாலியத் துறவி புறப்பட்டார். மொண்டெகொர்வினோ ஊர்க்காரரான ஜான் அவர். போப்பாண்டவரின் தூதராகச் சீனத்தில் இருந்த மங்கோலியப் பேரரசரைக் காணச் சென்ற அவர், வழியில் புனித தோமையார் ஆலயம் இருந்த நாட்டில் பதின்மூன்று மாதம் தங்கினார். உடன் வந்த நிக்கோலாஸ் என்ற துறவி இங்கேயே இறந்து, அந்த ஆலயத்திலேயே அடக்கமானார். 1305-ல் சீனத் தலைநகரிலிருந்து ஜான் எழுதிய கடிதத்தில் இந்த விவரம் இருக்கிறது. அந்த ஆலயம் மயிலாப்பூரில் இருந்தது என்பதே பெரும்பாலோர் கொள்ளும் முடிவு. பரங்கிமலை ரயில் நிலையத்தை அன்றாடம் கடக்கும் தாம்பரம் வட்டாரத்துக்காரர்களுக்குத் தோமையார் பெயர் பழகிய ஒன்று. மங்கோலிய அரசவைக்குப் போகும் வழியில் நம் கடற்கரை இருந்தது என்ற செய்திதான் நம் வரலாற்று அறிவில் இல்லை. பள்ளியில் மங்கோலியர் டெல்லி சுல்தான்களின் எல்லைத் தொல்லையாக வருகிறார்கள். பாண்டியர் வேறொரு பாடத்தில், அண்ணன் தம்பி சண்டையில் வீழ்கிறார்கள். இந்த இரண்டு பாடங்களும் ஒரே கதை என்பது என் வாதம்.

செங்கிஸ் கானின் பேரன் குப்லாய் 1279-க்குள் சீனம் முழுவதையும் பிடித்து யுவான் அரசை நிலைநாட்டினார். அவருடைய தம்பி ஹுலாகு 1258-ல் பாக்தாதை அழித்தார்; பாரசீகத்தில் அவர் வழியினர் ஈல்கான்கள் என்ற பெயரில் ஆண்டனர். இரு வீடுகளும் நட்பாகவே இருந்தன. ஆனால் நடுவே மத்திய ஆசியாவில் இன்னொரு பங்காளியான கைது, 1301-ல் சாகும்வரை குப்லாய் வம்சத்தோடு போரிட்டு வந்தார். தரைவழி நம்பத்தக்கதாக இல்லை. ஈல்கான் அர்கூனுக்கு மணமகளாக அனுப்பப்பட்ட கோகச்சின் என்ற இளவரசியைக் கடல் வழியே கூட்டிப் போனதற்கு இதுதான் காரணம். அந்தக் கப்பல்களில்தான் மார்க்கோ போலோ ஊர் திரும்பினார். செங்கடலில் குண்டு விழுந்தால் சரக்குக் கட்டணம் ஏறி, திருமுடிவாக்கம் தொழிற்பேட்டையில் உதிரிபாகம் செய்பவர் வரை கணக்கு மாறுவதை இன்று பார்க்கிறோம். அன்று புல்வெளியில் நடந்த பங்காளிச் சண்டை, தாமிரபரணி முகத்துவாரத்தில் இருந்த காயல் துறைமுகத்தை இரண்டு மங்கோலிய அரசுகளுக்கு நடுவிலான முக்கிய நிறுத்தமாக்கியது.

குப்லாய் இதை நன்றாக உணர்ந்திருந்தார். யுவான் வரலாற்றில் ‘மாபார்’ என்று குறிக்கப்படும் பாண்டிய நாட்டுக்கும் கொல்லத்துக்கும் யாங் திங்பி என்ற தூதரைத் திரும்பத் திரும்ப அனுப்பினார். 1281-ல் கொல்லம் நோக்கிப் புறப்பட்ட யாங், காற்று ஒத்துழைக்காததால் பாண்டியக் கரையில் இறங்கி, தரைவழியாகப் போக அனுமதி கேட்டார். அரசு அதிகாரிகள் சாக்குப்போக்குச் சொல்லித் தட்டிக் கழித்தனர். பிறகு இரண்டு அமைச்சர்கள் விடியற்காலையில் அவர் தங்கியிருந்த இடத்துக்கே வந்து, ஆட்களை வெளியே அனுப்பிவிட்டு, மனம்விட்டுப் பேசினார்கள். மங்கோலியப் பேரரசரோடு தொடர்பு வைத்ததற்காகத் தன் சொத்தை அரசர் பறித்துக்கொண்டார், உயிர் தப்பியதே பெரிது என்றார் ஒருவர். ஆட்சியிலிருக்கும் ஐந்து சகோதரர்களும் ஓரிடத்தில் கூடி, கொல்லத்தின் மீது படையெடுக்கத் திட்டமிடுவதாகவும் தெரிவித்தார். மாபாரை ஐந்து சகோதரர்கள் ஆண்டதாக மார்க்கோ போலோ தனியே எழுதியிருப்பதால், இதைச் சீன எழுத்தர்களின் கற்பனை என்று ஒதுக்க முடியாது. அந்த அமைச்சர் பின்னாளில் சீனத்துக்கே குடிபெயர்ந்து, குப்லாய் மணமுடித்து வைத்த கொரியப் பெண்ணோடு வாழ்ந்து அங்கேயே மறைந்தார். மங்கோலியர் சார்பு என்பது பாண்டிய அரசவையில் ஒருவரின் சொத்தையும் உயிரையும் தீர்மானிக்கும் அளவுக்கு உள்ளூர் அரசியலாகியிருந்தது.

தமிழ் வணிகர் சீனத்துக்குப் போனது புதிதா, 1015, 1033, 1077 ஆண்டுகளிலேயே சோழர் தூதுக்குழுக்கள் சோங் அரசவைக்குப் போகவில்லையா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. வணிகம் பழையதுதான், மங்கோலியர் அதற்குக் கொடுத்த அரசியல் எடை புதிது. சீனத் துறைமுகமான குவான்சோவில் 1956-ல் கிடைத்த தமிழ்க் கல்வெட்டே சான்று. சக ஆண்டு 1203, சித்திரை மாதம். அதாவது 1281 ஏப்ரல், யாங் பாண்டியக் கரையில் இறங்கியதை ஒட்டிய நாட்கள். தவச்சக்கரவர்த்திகள் என்று பெயர்கொண்ட சம்பந்தப் பெருமாள், குப்லாய் கானின் ஆணை பெற்று, அவருடைய உடல்நலத்துக்காக அங்கே சிவபெருமானை எழுந்தருளப் பண்ணியதாகக் கல்வெட்டு சொல்கிறது. தமிழ் வரிகளின் கீழே சீன எழுத்தும் இருக்கிறது. லிங்கத்தை யானை வழிபடும் சிற்பம் உட்பட நம் கோயில் சிற்பங்கள் பல அவ்வூரில் கிடைத்திருக்கின்றன. நாட்டை விட்டு வெகுதொலைவில் இருந்த ஒரு தமிழ்ச் சமூகம், மங்கோலியப் பேரரசரைத் தன் அரசராக ஏற்றுக்கொண்டு வேண்டுதல் செய்ததைச் சோழர் காலத் தூதுகளின் தொடர்ச்சி என்று மட்டும் சொல்லி முடித்துவிட முடியாது.

இந்தக் கடல்வழியின் மேற்கு முனையில் பொருள் குதிரை. ஈல்கான்களின் கீழ் பாரசீக வளைகுடாவில் கொடிகட்டிப் பறந்த வணிகர் ஜமாலுத்தீன். அவருடைய சகோதரர் தகியுத்தீன் இங்கே பாண்டியரின் அமைச்சர், துறைமுகங்களின் பொறுப்பாளர். விற்றவரும் வாங்கும் இடத்தில் இருந்தவரும் ஒரே குடும்பம்! ஆண்டுக்குப் பத்தாயிரம் குதிரை, ஒன்றுக்கு 220 பொன் தினார், வழியில் செத்தாலும் பணம் உண்டு என்று பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாப் எழுதுகிறார். எண்ணிக்கை மிகையாக இருக்கலாம். ஆனால் பாண்டிய நாட்டுப் பொன் இப்படிக் கரைந்ததை மார்க்கோ போலோவும் சொல்கிறார்.

டெல்லியின் பங்கு இதோடு சேர்கிறது. மங்கோலியர் 1299-லும் 1303-லும் டெல்லி வாசல்வரை வந்தனர். அந்த அச்சத்தில்தான் அலாவுதீன் கில்ஜி விலைக் கட்டுப்பாடு வரை போய், பெரிய நிரந்தரப் படையைத் திரட்டினார். 1306-க்குப் பிறகு வடமேற்கில் அழுத்தம் தணிந்தது. படை இருந்தது, சம்பளச் செலவும் இருந்தது. 1311-ல் அவருடைய தளபதி மாலிக் கபூர் மதுரைக்கு வந்து யானையும் குதிரையும் பொன்னும் அள்ளிப் போனார். அதைப் புகழ்ந்து எழுதிய டெல்லிக் கவிஞர் அமீர் குஸ்ரோ, 1285-ல் மங்கோலியரிடம் சிறைப்பட்டவர். படையெடுத்து வந்த அந்தப் படையிலேயே டெல்லியில் பணிக்குச் சேர்ந்த மங்கோலியர் இருந்தனர். அவர்களில் அபாச்சி என்ற தளபதி பாண்டியர் பக்கம் சாய முயன்று பிடிபட்டார் என்றும், டெல்லியில் அவருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது என்றும் வரலாற்றாசிரியர் இசாமி எழுதுகிறார். தமிழ் மண்ணில் மங்கோலியர் கால் வைத்ததே இல்லை என்பவர்கள் இந்தப் பக்கத்தைப் படிக்க வேண்டும்.

சுந்தர பாண்டியனும் வீர பாண்டியனும் அடித்துக்கொள்ளாமல் இருந்தால் கபூர் வந்திருப்பாரா என்பது வலுவான மறுப்பு. 1310-ல் தந்தை குலசேகர பாண்டியனைச் சுந்தர பாண்டியன் கொன்றதாக வஸ்ஸாப் சொல்வதும், அதன்பின் நாடு பிளந்ததும் உண்மை. ஆனால் அந்தச் சண்டை, கதவு ஏன் திறந்து கிடந்தது என்பதற்கு மட்டுமே விடை. வெளியே அத்தனை பெரிய படை எப்படித் தயாராக நின்றது, உள்ளே கருவூலப் பொன் ஏன் அத்தனை புகழ் பெற்றிருந்தது என்ற கேள்விகளுக்கு மதுரை அரண்மனைக்குள் பதில் கிடையாது. இதைப் பள்ளியில் சொல்லித்தரலாம் என்றால், பிள்ளைகளுக்கு இன்னொரு பாடம் சுமையாகும் என்பார்கள். புதிய பாடம் வேண்டியதில்லை. பாண்டியர் பாடத்தில் குவான்சோ கல்வெட்டின் படமும், யாங் திங்பியின் வருகை பற்றிய ஒரு பத்தியும், ஒரு கடல்வழி வரைபடமும் சேர்த்தால் போதும். யுவான் வரலாற்றில் மாபார் பற்றிய பகுதி சில பக்கங்களே; அதைச் சீன மூலத்திலிருந்து நேரே தமிழில் கொண்டுவரும் பணியைத் தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகம் எடுத்துக்கொள்ளலாம். அந்தக் கல்வெட்டின் படி ஒன்றை எழும்பூர் அருங்காட்சியகத்தில், பிள்ளைகள் எழுத்துக் கூட்டிப் படிக்கும் உயரத்தில் வைக்க வேண்டும்.