பழி கேமில், பாரம் வட்ஸ்அப்பில்

ஜும்ஆ முடிந்து வரிப்பத்தான்சேனையில் தங்கச்சி வீட்டுக்குப் போயிருந்தேன். சோறு வரும் முன்பே டெப் என் மடியில் வந்து விழுந்தது. "காக்கா, இத ஒருக்காப் பாருங்க. இடமில்ல, இடமில்ல எண்டு சொல்லிக்கிட்டே இரிக்கி. இவன்ட கேம் எல்லாத்தையும் அழிச்சிப் போட்டன், அப்பயும் புல் எண்டுதான் காட்டுது." மருமகன் கதவு நிலையைப் பிடித்தபடி நின்றான். நாலாம் ஆண்டு படிக்கிறவன். அழுது முடித்த முகம்.

இறக்காமத்தில் இருந்து கல்முனை வரைக்கும் எந்த வீட்டில் டெப் நிரம்பினாலும் முதலில் பிடிபடுகிறவன் பிள்ளைதான். விசாரணை கிடையாது. கொமியூனிகேசன் கடைத் தம்பி டெப்பைக் கையில் வாங்காமலே சொல்லிவிடுவார்: "கேம் கூடிப் போச்சு, அழிங்க." டியூசன் சேரும் அதைத்தான் சொல்லுவார். மெமரி என்பது எந்தப் பக்கம் இருக்கிறது என்றே தெரியாத சாச்சாவும் சொல்லுவார். எல்லாரும் சொல்லிச் சொல்லியே உண்மையாகிப் போன பேச்சு இது. பத்துக்கு எட்டு வீட்டில் இது பொய் என்று அடித்துச் சொல்வேன். மிச்சம் இரண்டு வீட்டுக்குப் பிறகு வருகிறேன்.

சோற்றைக் கொஞ்சம் பொறுக்கச் சொல்லிவிட்டு, 'அமைப்புகள்' திறந்து 'சேமிப்பகம்' என்ற பக்கத்துக்குப் போனேன். இத்தனை வருடத்தில் அந்த வீட்டில் யாரும் போகாத பக்கம். டெப் 32 ஜீபி. அதில் வட்ஸ்அப் மட்டும் 9 ஜீபிக்கு மேல். கேமராப் படமும் வீடியோவும் 6 ஜீபிக்குக் கிட்ட. அழித்த கேம்களின் பெயரை மருமகன் விரல் மடக்கிச் சொல்லச் சொல்ல, பிளே ஸ்டோரில் ஒவ்வொன்றாகத் தேடி அளவைப் பார்த்தேன். ஏழு கேம். ஓடுகிற பையன் ஒன்று, மிட்டாய் உடைக்கிறது ஒன்று, கார் இரண்டு, தோட்டம் செய்கிற ஒன்று, இன்னும் இரண்டு. ஏழும் சேர்ந்து ஒரு ஜீபிக்கு வரவில்லை. தங்கச்சியின் மூத்தவளின் கலியாணத்தில் மாப்பிள்ளை வந்து இறங்குவதை யாரோ கை நடுங்க எடுத்து வைத்த ஒரே ஒரு வீடியோ, அந்த ஏழையும் விடப் பெரியது.

அதில் அதிசயம் ஒன்றுமில்லை. இப்போதைய போனில் ஃபுல் எச்டித் தெளிவில் ஒரு நிமிடம் வீடியோ எடுத்தால் 130 எம்பி அளவு போய்விடும். எட்டு நிமிடத்தில் ஒரு ஜீபி. பிள்ளை ஒரு வருடமாகச் சேர்த்த ஏழு கேமுக்குப் பெரிய மனுசரின் எட்டு நிமிடம் சமன்.

பிறகு வட்ஸ்அப்புக்குள் போனேன். 2020 நவம்பரில் இருந்து அதற்குள்ளேயே சேமிப்பிடத்தைப் பார்க்க ஒரு வசதி இருக்கிறது. எந்தக் குறூப் எவ்வளவு தின்னுகிறது, 5 எம்பிக்கு மேற்பட்டது எது, பலமுறை போர்வர்ட் ஆனது எது என்று பிரித்தே காட்டும். குடும்பக் குறூப் ஒன்று, மச்சான்மார் குறூப் ஒன்று, கட்டாரில் இருக்கிறவர்களின் குறூப், பழைய மாணவர் குறூப், வயற்காரர் குறூப். ஒவ்வொரு வெள்ளிக்கும் ஜும்ஆ முபாரக். அதே ரோசாப் பூ, அதே பனித்துளி, வாரத்துக்கு ஒரு எழுத்து மாறும். மீன் ஏலம் கூறுகிற வீடியோ, யானை வேலி முறிக்கிற வீடியோ, ஒன்றரை மணி நேரப் பயான், எங்கோ நடந்த விபத்து. ஒன்றையும் தங்கச்சி இறக்கவில்லை. தானாக இறங்கும்படி விட்டிருந்ததால் எல்லாம் அதுபாட்டுக்கு இறங்கியிருக்கிறது. திறந்தே பார்க்காதவைதான் அதிகம்.

இது நம் ஊர்ச் சங்கதி மட்டும் என்று நினைக்க வேண்டாம். 2018 ஜனவரியில் அமெரிக்காவின் வோல் ஸ்ட்ரீட் ஜேர்னல் ஒரு செய்தி போட்டது. இந்தியாவில் போன்கள் ஏன் இப்படி நின்று நின்று போகின்றன என்று கூகிள் ஆட்கள் தேடிப் பார்த்திருக்கிறார்கள். கடைசியில் பிடிபட்டது 'குட் மோர்னிங்' படங்கள். சூரியோதயம், பூ, குழந்தை, அதன் மேல் ஒரு வாழ்த்து. விடிந்தால் கோடிக்கணக்கில் பறக்கிறது. இந்தியாவில் மூன்று பேரில் ஒருவருக்குத் தினமும் போனில் இடம் முடிந்துபோகிறது, அமெரிக்காவில் பத்துப் பேரில் ஒருவருக்கு என்ற கணக்கும் அதே செய்தியில் வந்தது. 2017 டிசம்பரில் கூகிள் வெளியிட்ட பைல்ஸ் கோ என்ற செயலிக்குள், இந்தக் காலை வணக்கப் படங்களைத் தேடிப் பிடித்து மொத்தமாக அழிக்கவென்றே ஒரு வேலை வைத்திருந்தார்கள். உலகத்திலேயே பெரிய கம்பனி ஒன்று உட்கார்ந்து யோசித்து, குற்றவாளி பெரிய ஆட்களின் வாழ்த்துப் படம் என்று கண்டுபிடிக்கிறது. நம் வீட்டில் மட்டும் தண்டனை நாலாம் ஆண்டுப் பிள்ளைக்கு.

சரி, பெட்டியில் 32 என்று போட்டிருக்கிறதே, அதுவாவது முழுசாக நம்முடையதா? நெல்லு விற்றவனுக்கு இது விளங்கும். மூடை கட்டும்போது ஒரு நிறை, வியாபாரி தராசில் ஒரு நிறை, சாக்குக்கும் ஈரத்துக்கும் கழித்த பிறகு கையில் வரும் காசுக்கு வேறொரு நிறை. டெப் கம்பனி 100 கோடி பைட்டை ஒரு ஜீபி என்று எண்ணுகிறது. கணினி வழக்கமாக எண்ணுவது 107 கோடியே 37 இலட்சம் சொச்சத்தை. அந்தக் கணக்கில் 32 என்பது 29.8 தான். அதற்குள் அன்ட்ரொயிட் ஒரு பங்கு, கம்பனி சும்மா போட்டு அனுப்பிய செயலிகள் ஒரு பங்கு. 2013இல் சாம்சங் கெலக்ஸி எஸ்4 வந்தபோது, 16 ஜீபி என்று விற்ற போனில் ஆளுக்குக் கிடைப்பது 9 ஜீபி அளவுதான் என்று பிபிசியின் வோட்ச்டோக் நிகழ்ச்சி கிழித்துப் போட்டது. அதே வருடம் மைக்ரோசொப்டின் சர்ஃபேஸ் ப்ரோ டெப், 64 ஜீபி மாதிரியில் 23 ஜீபியை மட்டும் காலியாக வைத்துக்கொண்டு கடைக்கு வந்தது. அங்கே கம்பனியை நிற்க வைத்துக் கேள்வி கேட்டார்கள்.

கம்பனி போட்டு அனுப்புகிற கேம் என்று ஒன்றும் உண்டு. பிள்ளை இறக்கியதே இல்லை, ஆனாலும் அடி அவனுக்கு. அதில் பலவற்றில் 'நிறுவல் நீக்கு' இருக்காது, 'முடக்கு' என்றுதான் இருக்கும். அவை இருக்கிற இடம் நம் பங்கில் சேராத தனி அறை. முடக்கினால், பிறகு வந்த அப்டேட்டுகள் பிடித்த இடம் திரும்பும், அவ்வளவுதான். அதை விட வேடிக்கை, முகப்பில் இருந்த படத்தை இழுத்து மேலே தள்ளிவிட்டு 'அழிச்சிட்டன்' என்று சொல்கிறவர்கள். அது கடைப் பலகையைக் கழற்றியதுதான். கடைக்குள் சாமான் அப்படியே இருக்கும்.

இன்னும் ஒரு பெரிய கட்டு அந்த டெப்பில் கிடந்தது. 2020 மார்ச்சில் பள்ளிக்கூடங்கள் மூடியபோது பாடமெல்லாம் வட்ஸ்அப்பில் வந்தது. மூத்தவளின் கணிதத் தாள்கள், கொப்பியைப் படம் எடுத்து அனுப்பியவை, சேரின் குரல் பதிவுகள், ஒரே பக்கம் மங்கலாக ஒன்று, தெளிவாக ஒன்று. 2022இல் எண்ணெய்க்கு வரிசையில் நின்ற காலத்துப் பாடங்கள் வேறு. அவள் கலியாணமே முடித்துப் போய்விட்டாள், பின்னக் கணக்கு இன்னும் டெப்பில் குந்தியிருக்கிறது. இதை யாரும் குப்பை என்று பார்ப்பதில்லை. படிப்பு என்ற பெயர் ஒட்டியிருக்கிறதே.

விசயம் இங்கேதான் இருக்கிறது. நாம் அழிப்பது எது பெரியது என்று பார்த்தல்ல, எது நமக்குப் பிடிக்காதது என்று பார்த்து. 2016 நவம்பரில் வாசித்த வரவு செலவுத் திட்டத்தில் உயர்தர மாணவர்களுக்கு இலவச டெப் என்று அறிவிப்பு வந்து வருடக்கணக்கில் இழுபட்டபோது, எங்கள் தேத்தண்ணிக் கடையில் பேசியது ஒரே பேச்சு: பொடியன்மார் கேம் விளையாடுவானுகள். கொடுக்கிற டெப்பில் எத்தனை ஜீபி என்று ஒருவரும் கேட்டதாக நினைவில்லை.

ஜும்ஆ முபாரக் படங்களை மொத்தமாகத் தெரிவுசெய்தபோது தங்கச்சி என் கையைப் பிடித்துவிட்டாள். "அத அழிக்காதீங்க காக்கா, ஆயத்து இரிக்கி." இந்தப் பயம் பல வீட்டில் உண்டு, அதை நான் பகிடி பண்ண மாட்டேன். ஆனால் உஸ்மான் (ரலி) அவர்கள் குர்ஆன் பிரதிகளை எழுதுவித்து ஊர்களுக்கு அனுப்பியபோது, மற்ற ஏடுகளை எரித்துவிடச் சொன்னார்கள் என்பது ஹதீஸ் கிரந்தத்திலேயே இருக்கிறது. வசனத்தைக் காக்கவே தாளை எரித்தார்கள். திரையில் தெரிகிற படத்தை நீக்குவதில் குற்றமில்லை என்று ஆலிம்கள் பலரும் சொல்லியிருக்கிறார்கள். மீன் ஏல வீடியோவுக்கும் விபத்துக்கும் நடுவில், திறந்தே பார்க்காமல் ஆயத்தைப் போட்டு வைத்திருப்பதுதான் மரியாதையா என்று கேட்டேன். கையை எடுத்தாள்.

மிச்சம் இரண்டு வீட்டுக்கு வருகிறேன். ப்ரீ ஃபயர், பப்ஜி போன்றவை உண்மையிலேயே இடம் தின்னும். இறக்கும்போது சின்னதாகத் தெரிந்தாலும், பிறகு வரைபடம், உடுப்பு, துவக்கு என்று இறக்கிக்கொண்டே போகும். 16 ஜீபி டெப்பில் அப்படி ஒன்று இருந்தால் அழிக்கத்தான் வேண்டும். அதிலும் தாயோ தகப்பனோ அளவைப் பார்த்துவிட்டு அழிக்கட்டும்.

பிள்ளை நாள் முழுக்க டெப்பில் கிடக்கிறான் என்பதுதான் கவலை என்றால், அது வேறு வழக்கு. அதை நேராகப் பேச வேண்டும்: மஃரிபுக்குப் பிறகு இல்லை, புலமைப்பரிசில் முடியும் வரை வெள்ளி சனி மட்டும், இப்படி ஏதாவது. நேரத்துக்கான சண்டையை இடத்தின் பெயரில் பிடித்தால் பிள்ளைக்குத் தெரிந்துபோகும். கேமை எடுத்த பிறகும் 'இடமில்லை' என்று டெப் காட்டிக்கொண்டே இருக்கிறதே. உம்மா சொன்னது பொய் என்று அதுவே சாட்சி சொல்கிறது. அடுத்த கிழமை ரீலோட் போட்டதும் அதே கேம் திரும்ப இறங்கும். டேட்டாக் காசும் போனதுதான் மிச்சம்.

மற்றவர்களைக் குறை சொல்கிறேன் என்று நினைக்க வேண்டாம். 2021இல் நானும் இதே வேலையைத்தான் செய்தேன். என் போனில் இருந்த மகனின் கேம்களை அழித்தேன், சரிவரவில்லை. ஒரு கடையில் கொடுத்தேன். ஒன்றும் கேட்காமல் முழுவதையும் துடைத்துப் புதுசாக்கித் தந்தார்கள். வீட்டுக்கு வந்து பார்த்தால், மௌத்தான வாப்பா எனக்கு அனுப்பிய குரல் பதிவுகள் எல்லாம் போயிருந்தன. "வாய்க்கால்ல தண்ணி வந்திட்டு மகன், மம்பட்டிய எடுத்துக்கு வா" என்று ஒன்று. ஒரு நிமிடக் குரல் பதிவு 100, 150 கேபிக்கு மேல் பிடிப்பது அபூர்வம். ஒரு நிமிட வீடியோவின் இடத்தில் வாப்பாவின் குரலைக் கிட்டத்தட்ட ஆயிரம் நிமிடம் வைத்திருக்கலாம். பேக்கப் என்ற ஒன்று இருப்பது எனக்குப் பிறகுதான் தெரியும்.

அதனால்தான் தங்கச்சியின் டெப்பில் ஒவ்வொன்றாகப் பார்த்து அழித்தேன். தானாக இறங்குவதை நிறுத்தினேன். கலியாண வீடியோவை மெமரி காட்டுக்கு மாற்றினேன். கேலரியின் குப்பைத் தொட்டியையும் காலி செய்தேன், ஏனென்றால் அழித்தது அங்கே ஒரு மாதம் அளவில் இருந்து இடத்தைப் பிடித்துக்கொண்டிருக்கும். அஸர் பாங்கு சொல்லும்போது 8 ஜீபி காலி என்று காட்டியது. சோறு ஆறிப் போயிருந்தது.

மருமகனைக் கூப்பிட்டு, அந்தத் தோட்டக் கேமைத் திரும்பப் போட்டுத் தரவா என்று கேட்டேன். கணக்கு ஒன்றும் இணைக்காமல் விளையாடியிருக்கிறான். கேம் திரும்ப வரும், அவன் நட்டது வராது. அவனுக்கு அது தெரிந்திருந்தது.

"வேணாம் மாமா," என்றான். "சோளம் வெட்டுறதுக்கு நிண்டிச்சி."