மருந்துக்கு அலைந்த நாட்கள்

2021 ஏப்ரல், மே மாதங்களை நம்மில் யாரும் மறந்திருக்க முடியாது. பொம்மனஹள்ளியில் நம்மவர் வீடுகளில் அப்போது ஒரே கேள்விதான்: "ரெம்டெசிவிர் எங்கே கிடைக்கும்?" ஊரிலிருந்து வந்த தொலைபேசியிலும் அதே கேள்வி.

சென்னை கீழ்ப்பாக்கம் மருத்துவக் கல்லூரியில் ஏப்ரல் 26 முதல் அரசே குப்பி 1,568 ரூபாய்க்கு விற்றது. இரவே வந்து வரிசையில் படுத்தவர்கள் உண்டு. கள்ளச் சந்தையிலோ விலை பல மடங்கு. எனக்குத் தெரிந்த ஒரு குடும்பம் நகையை அடகு வைத்து ஆறு குப்பி வாங்கியது. ஆனாலும் அவர் பிழைக்கவில்லை.

இது கொரோனாவுக்கென்று பிறந்த மருந்தல்ல. எபோலாவுக்குக் கொடுத்துப் பார்த்து, 2019-இல் காங்கோ நாட்டுச் சோதனையில் வேறு மருந்துகளிடம் தோற்றது. மரணத்தைக் குறைத்ததாகத் தெரியவில்லை என்று உலக சுகாதார நிறுவனத்தின் ஆய்வு 2020 அக்டோபரிலேயே சொன்னது. 2022-இல்தான், தகுந்த நோயாளிகளுக்கு ஓரளவு பயனுண்டு என்று அந்நிறுவனம் தன் பரிந்துரையை மாற்றியது. ஆக, மருந்து வீணல்ல. ஆள் பார்த்து, நாள் பார்த்துக் கொடுக்க வேண்டியது. நாமோ அதைச் சஞ்சீவியாக்கிவிட்டோம்.

இன்னொரு பழைய மருந்தின் கதையையும் கேளுங்கள். அமன்டடின் என்ற மாத்திரைக்கு 1966-இல் அமெரிக்கா ஃப்ளூ காய்ச்சலுக்காக அனுமதி கொடுத்தது. சீனாவில் அதைக் கோழிகளுக்கும் கொடுத்தார்கள். ஃப்ளூ கிருமிகள் அதை எதிர்த்து நிற்கப் பழகிக்கொண்டன. 2006 ஜனவரியில், ஃப்ளூவுக்கு இனி அதைக் கொடுக்க வேண்டாம் என்று அமெரிக்க நோய்த் தடுப்பு மையமே சொல்லிவிட்டது. இன்று அது பெரும்பாலும் பார்க்கின்சன் நோயாளிகளுக்குத்தான் உதவுகிறது.

குற்றம் உறவினர் மேல் மட்டுமல்ல. உயிருக்குப் போராடுகிறவரின் பிள்ளை கையில் சீட்டைக் கொடுத்து, "எங்கிருந்தாவது வாங்கி வா" என்று அனுப்பியதுதான் பெரிய தவறு. மருந்தைத் தேடுவது மருத்துவமனையின் வேலை. தமிழக அரசும் அந்த மே மாதத்திலேயே, மருத்துவமனைகளுக்கு நேரடியாகக் கொடுக்கும் முறைக்கு மாறியது. அதை முதலிலேயே செய்திருக்கலாம்.

நான் ரயில்வேயில் வேலை பார்த்தவன். பயணிகள் கூச்சல் போடுகிறார்கள் என்பதற்காக யாரும் சிக்னலை இறக்குவதில்லை. மருத்துவரையும் நாம் அப்படி நெருக்கக் கூடாது. "இது எதற்கு? இவருக்குத் தேவையா? இல்லாவிட்டால் என்ன ஆகும்?" என்று மூன்று கேள்விகள் கேட்போம். பதில் கிடைத்த பிறகு பணத்தை எடுப்போம்.

அடுத்த முறை அடகுக் கடைக்கு ஓடுமுன் இதை நினைவில் கொள்வோமாக.