முதலைக்கு எதிரே கேமரா

பிள்ளைகளே, நம் வன்னியம்பட்டிக்கும் கடலுக்கும் வெகு தூரம். ஆனாலும், டி.வி.யில் சுறாவையும் முதலையையும் கிட்டத்தில் காட்டும்போது வாயைப் பிளந்து பார்க்கிறோம். "படம் எடுத்தவருக்கு என்ன தைரியம்!" என்கிறோம். தைரியம் மட்டும் இருந்தால் போதுமா?

ராமுலஸ் விட்டேகர் என்பவர் ஊர்வன பற்றி ஆராயும் அறிஞர். 1943-இல் நியூயார்க்கில் பிறந்தவர். படித்தது நம் கொடைக்கானலில். சென்னைப் பாம்புப் பண்ணையைத் தொடங்கியவர் இவர்தான். மாமல்லபுரம் போகும் வழியில் முதலைப் பண்ணை பார்த்திருப்பீர்களே, 1976-இல் அதை அமைத்தவர்களில் இவரும் ஒருவர். ராஜநாகம் பற்றிய இவரது படத்துக்கு 1998-இல் அமெரிக்காவின் எம்மி விருது கிடைத்தது. உப்புநீர் முதலைகளைத் தேடி ஒடிசா, ஆஸ்திரேலியா என்று அலைந்தும் படம் எடுத்திருக்கிறார்.

அமராவதி அணையில் இருப்பது நன்னீர் முதலை. உப்புநீர் முதலை அதைவிடப் பெரியது. கழிமுகத்தில் வாழும், கடலிலும் நீந்தும். கண்ணும் மூக்கும் மட்டும் வெளியே தெரிய அசையாமல் கிடக்கும். கரைக்கு வரும் மாடானாலும் மனிதனானாலும் ஒரே பாய்ச்சல்தான்! முட்டையிட்ட தாய் முதலை கூட்டைவிட்டு நகராமல் காவல் காக்கும். இந்தக் குணமெல்லாம் தெரியாமல் கேமராவைத் தூக்கிக்கொண்டு போனால் என்ன ஆகும்?

தெரிந்தவருக்கும் ஆபத்து உண்டு. முதலைகளோடு விளையாடிய ஆஸ்திரேலியாவின் ஸ்டீவ் இர்வின், 2006 செப்டம்பர் 4-ஆம் தேதி கடலில் படம் எடுத்தபோது, திருக்கை மீனின் வால்முள் மார்பில் குத்தி இறந்துபோனார். திருக்கை மனிதரை வேட்டையாடும் மீன் அல்ல. வழி அடைபட்டதாகப் பயந்தால்தான் குத்தும். அதன் பிறகு அந்நாட்டுக் கடற்கரையில் சில திருக்கைகள் வால் அறுபட்டுக் கிடந்தன. யாரோ கோபத்தைத் தீர்த்துக்கொண்டார்கள் போலும். எனக்கு இது சுத்த மடத்தனமாகப் படுகிறது.

இப்போது ஒடிசாவின் பிதர்கனிகாவுக்கு வருவோம். தோலுக்காக வேட்டையாடியதால், 1975 வாக்கில் அங்கே மிஞ்சியவை சுமார் 95 உப்புநீர் முதலைகளே. அரசு காப்பாற்றியது. 2025 ஜனவரிக் கணக்கெடுப்பில் 1,826! மகிழ்ச்சிதான். ஆனால் குளிக்கவும் துவைக்கவும் மீன் பிடிக்கவும் ஆற்றில் இறங்கும் கிராமத்தாரில் சிலரை முதலை இழுத்துப் போய்விடுகிறது. பிள்ளையைப் பறிகொடுத்த தாயிடம் போய் 'முதலையும் வாழ வேண்டும்' என்று சொல்ல முடியுமா?

முதலையைக் கொல்வது வழியல்ல. அதற்காகக் கிராமத்தாரைக் கைவிடவும் கூடாது. முதலை எங்கே பதுங்கும், எப்போது பாயும் என்று ஆய்வாளர்கள் கண்டு சொன்னது இங்கேதான் உதவுகிறது. படித்துறைகளைச் சுற்றி வனத்துறை வேலி போட்டிருக்கிறது. கூடு கட்டும் காலமான மே முதல் ஜூலை வரை பூங்காவைப் பயணிகளுக்கு மூடிவிடுகிறது. இத்தோடு, வீட்டுக்கு வீடு குழாயில் தண்ணீர் ஒழுங்காக வர வேண்டும். வந்தால், குடத்தைத் தூக்கிக்கொண்டு ஆற்றுக்குப் போகிறவர்கள் எத்தனை பேர் இருப்பார்கள்?