தீர்ப்பு வந்தாச்சு... பணம் எங்கே?

சரக்கு அனுப்பியாச்சு, பில் போட்டாச்சு. பணம் மட்டும் வரவில்லை. சிவில் கோர்ட்டுக்குப் போனால் பேரன் காலத்தில்தான் முடியும் என்று பயம். அதற்காகத்தான் பெரும்பாலான வியாபார ஒப்பந்தங்களின் கடைசிப் பக்கத்தில் ஒரு ஷரத்து இருக்கும்: தகராறு வந்தால் ஆர்பிட்ரேஷன். அதாவது நடுவர் ஒருவர் இரண்டு பக்கமும் கேட்டுத் தீர்ப்புச் சொல்வார், அவர் சொன்னதே முடிவு.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் நடுவர் தீர்ப்பு வந்த மறுநாளே தோற்றவர் தன் வக்கீலிடம் கேட்கிற முதல் கேள்வி: "34 போடலாமா சார்?"

1996ஆம் வருடத்துச் சட்டத்தின் 34ஆம் பிரிவு அது. நடுவர் தீர்ப்பை ரத்து செய்யக் கோரி மூன்று மாதத்துக்குள் கோர்ட்டுக்குப் போகலாம். தக்க காரணம் இருந்தால் இன்னும் முப்பது நாள், அதற்கு மேல் கிடையாது. இது அப்பீல் அல்ல. நடுவர் சாட்சியத்தை எடைபோட்டது சரியா என்று கோர்ட் மறுபடி அலசக் கூடாது. நோட்டீஸே தராமல் விசாரித்தது, ஒப்படைக்காத விஷயத்தில் தீர்ப்புச் சொன்னது, மோசடி, பொதுக் கொள்கைக்கு முரண் போன்ற சில காரணங்கள்தான் செல்லும். 34இல் தோற்றால் 37ஆம் பிரிவில் அப்பீல். அதிலும் தோற்றால் டெல்லிக்கு ரயில் ஏற வேண்டியதுதான்!

இந்த வியாதி புதிது இல்லை. பழைய 1940ஆம் வருடச் சட்டம் நடைமுறையில் இருந்த லட்சணத்தைப் பார்த்து வக்கீல்கள் சிரிக்கிறார்கள், சட்ட அறிஞர்கள் அழுகிறார்கள் என்று 1981இலேயே சுப்ரீம் கோர்ட் நொந்துகொண்டது. 1996 சட்டமும் ஒரு ஓட்டையோடுதான் வந்தது. 34இல் மனுப் போட்டாலே தீர்ப்புக்குத் தானாகத் தடை விழுந்துவிடும். ஒரு பைசா கட்ட வேண்டியதில்லை. 2015 திருத்தம்தான் அதை மாற்றியது. இப்போது தடைக்குத் தனியாக மனுப் போட வேண்டும், கோர்ட் நிபந்தனை விதிக்கலாம். 2019இல் பாராளுமன்றம் 87ஆம் பிரிவைச் சேர்த்துப் பழைய கேஸ்களுக்குப் பழைய தடையைத் திரும்பக் கொண்டுவரப் பார்த்தது. அதே வருடம் நவம்பரில் சுப்ரீம் கோர்ட் அந்தப் பிரிவையே ரத்து செய்தது.

சரி, ஏன் இத்தனை பேர் 34 போடுகிறார்கள்? எல்லாருக்கும் அநியாயமான தீர்ப்பா வந்திருக்கும்? என் பதில் ரொம்ப சிம்பிள். இழுத்தடிப்பது லாபம்.

சும்மா ஒரு கணக்குப் போடுவோம். தீர்ப்புத் தொகை ஒரு கோடி. நடுவர் கொடுத்த வட்டி 9 சதவீதம். ஜெயித்த சின்ன கம்பெனி அந்தப் பணம் வராததால் 14 சதவீதத்துக்குக் கடன் வாங்கி ஓட்டுகிறது. வருடத்துக்கு 5 லட்சம் கைநஷ்டம், அதுவும் கேஸ் ஜெயித்த பிறகு! தோற்றவருக்கோ வெளியே 12 சதவீதத்துக்குத்தான் கடன் கிடைக்கும் என்றால், பணத்தைத் தராமல் வைத்திருப்பதே சீப்பான கடன். வக்கீல் ஃபீஸ் போனாலும் கட்டுப்படியாகும். மனுவை ஒரு வருடத்தில் முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. முடியாவிட்டால் என்ன ஆகும் என்று சொல்லவில்லை.

இதற்கு மருந்தும் நம் சட்டத்திலேயே இருக்கிறது. 2006ஆம் வருட குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டத்தின் 19ஆம் பிரிவைப் பாருங்கள். குறு, சிறு சப்ளையருக்கு அந்தச் சட்டத்தின் வழியில் கிடைத்த தீர்ப்பை, வாங்கியவர் எதிர்க்க வேண்டுமானால் முதலில் 75 சதவீதத்தைக் கோர்ட்டில் கட்ட வேண்டும். கட்டாவிட்டால் மனுவையே ஏற்க முடியாது. அதில் ஒரு பகுதியை கேஸ் நடக்கும்போதே சப்ளையருக்குக் கொடுக்கவும் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. தாமத வட்டி ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப் போல மூன்று மடங்கு, மாதாமாதம் கூட்டுவட்டி.

பணத் தகராறு எல்லாவற்றுக்கும் இந்த விதி ஏன் கூடாது? பொதுச் சட்டத்தில் எவ்வளவு கட்டச் சொல்வது என்பது நீதிபதியின் விருப்பத்தில் இருக்கிறது. அது கேஸுக்குக் கேஸ் மாறும்.

"நடுவரே தப்புப் பண்ணினால்?" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. டெல்லி மெட்ரோ கேஸே சாட்சி. ஏர்போர்ட் லைனை நடத்திய ரிலையன்ஸ் இன்ஃப்ராவின் துணை நிறுவனத்துக்கு 2017 மே மாதம் நடுவர்கள் சுமார் 2,782 கோடி ரூபாயும் வட்டியும் கொடுத்தார்கள். ஹைகோர்ட் தனி நீதிபதி 2018இல் சரி என்றார். டிவிஷன் பெஞ்ச் 2019இல் தப்பு என்றது. சுப்ரீம் கோர்ட் 2021இல் சரி என்றது. 2024 ஏப்ரலில் அதே சுப்ரீம் கோர்ட் சீராய்வுக்கும் அடுத்த கியூரேட்டிவ் மனுவில் தப்பு என்றது! அதற்குள் தொகை வட்டியோடு சுமார் 8,000 கோடியாகிவிட்டது. கட்டிய பணத்தைத் திருப்பித் தரவும் உத்தரவு.

எனக்கு இதில் தெரிகிற பாடம், எதிர்க்கும் உரிமை வேண்டும் என்பதுதான். ஆனால் பணத்தைக் கட்டினால் அந்த உரிமை போய்விடாது. வட்டி வரும் டெபாசிட்டில் கோர்ட் போட்டு வைத்தால், யார் ஜெயித்தாலும் பணம் பத்திரம். இழுத்தடிப்பதில் மட்டும் லாபம் இருக்காது.

அரசாங்கமும் இதை உணர்ந்தது. அரசுத் துறைகள் தீர்ப்பை எதிர்த்தால், வங்கி உத்தரவாதம் வாங்கிக்கொண்டு 75 சதவீதத்தைக் காண்டிராக்டருக்குக் கொடுக்க வேண்டும் என்று 2016இல் மத்திய அமைச்சரவைக் குழு முடிவெடுத்தது. அதே அரசின் நிதி அமைச்சகம் 2024 ஜூனில், 10 கோடிக்கு மேற்பட்ட தகராறுகளுக்கு ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷனை வழக்கமாகச் சேர்க்க வேண்டாம் என்றது. காலில் முள் குத்தினால் முள்ளை எடுப்பதா, காலை எடுப்பதா?

2025 ஏப்ரல் 30 அன்று ஐந்து நீதிபதிகள் அமர்வு, கணக்குப் பிழை போன்ற சிலவற்றைக் கோர்ட்டே திருத்தலாம் என்று 4-1 பெரும்பான்மையில் சொன்னது. அதற்கு முன் தப்பு இருந்தால் ரத்துதான், மறுபடி முதலிலிருந்து. இது நல்ல மாற்றம். ஆனால் திருத்தக் கேட்டு வருபவர்களும் மேஜையில் பணத்தை வைத்துவிட்டுப் பேசட்டும்.

கோர்ட் கதவை யாருக்கும் சாத்த வேண்டாம். உள்ளே வர டிக்கெட் விலை வையுங்கள், போதும். நிஜமாகவே அநியாயம் நடந்தவர் கட்டிவிட்டு வருவார். நேரம் கடத்த வந்தவர் வாசலோடு திரும்பிவிடுவார்.