பேரிளம்பெண்ணுக்குப் பின்

உலா இலக்கியம் பயிலும் மாணவர், மகளிர் பருவம் ஏழு என மனனம் செய்வர். பேதை முதலாகத் தொடங்கும் அவ்வரிசை பேரிளம்பெண்ணோடு முடிகின்றது. அப்பருவத்திற்கு 32 முதல் 40 வரை என வயது கூறுவது பாடநூல் வழக்கு. தலைவனைக் கண்டு காதலுறும் மகளிரைப் பாடுவதே உலாவின் நோக்கமாதலின், புலவர் நாற்பதோடு நிறுத்தியதில் வியப்பில்லை. ஆயின் பெண்ணுடலின் மற்றொரு பெருமாற்றம் தொடங்குவதே ஏறத்தாழ அவ்வயதில்தான். அதற்கு நம்மிடம் நல்லதொரு பெயர்கூட இல்லை என்பதே என் குறை.

'மாதவிடாய் நிறுத்தம்' என்னும் சொல் உண்டே எனலாம். பிரெஞ்சு மருத்துவர் கார்தான் 1821இல் வழங்கிய சொல்லும் 'மாதம்', 'நிற்றல்' எனப் பொருள்படும் இரு கிரேக்கச் சொற்களின் புணர்ச்சியே. இரண்டும் முடிவைச் சுட்டுகின்றனவேயன்றி, முடிவை நோக்கிய வழியைச் சுட்டவில்லை. தொடர்ந்து 12 மாதங்கள் வேறு காரணமின்றி மாதவிடாய் வராதிருந்தாலே அது நின்றதாக மருத்துவர் கொள்வர். ஆகவே நின்ற நாளை அன்றே எவரும் அறிதல் இயலாது. ஓராண்டு கழித்துத் திரும்பிப் பார்த்தே அறிதல் கூடும். இந்தியப் பெண்டிர்க்கு அது சராசரியாக 46, 47 வயதை ஒட்டி நிகழ்கின்றது. அதற்கு முன் பல ஆண்டுகள் நீளும் காலத்தை 'மாறுகாலம்' என அழைக்கலாம் என்பது என் கருத்து.

சூலகத்தில் முட்டைகள் அருகிவரும் இக்காலத்தில் ஈஸ்ட்ரோஜன் என்னும் சுரப்பு படிப்படியாகக் குறைவதாகப் பலர் எண்ணுகின்றனர். அஃது அவ்வாறன்று, ஒரு மாதம் மிகுந்தும் மறுமாதம் தாழ்ந்தும் அலைகின்றது. மாதவிடாய்ச் சுற்றின் நீளம் அடுத்தடுத்து 7 நாட்களோ அதற்கு மேலோ வேறுபடத் தொடங்குவது மாறுகாலத்தின் முற்பகுதி. 60 நாட்களுக்குக் குறையாத இடைவெளி தோன்றுவது பிற்பகுதி. இக்காலத்திலும் கருத்தரிக்கும் வாய்ப்பு முற்றும் அற்றுவிடுவதில்லை. உடல்வெப்பத்தைச் சீர்செய்யும் மூளைப்பகுதி சிற்றளவு வெப்ப உயர்வையும் பெரிதாகக் கருதிவிடுவதால், திடீரென முகம் கனன்று வியர்வை பெருகும். அது நள்ளிரவில் நேரின் உறக்கம் கெடும். பல நாள் உறக்கமிழந்தவள் காலையில் சற்றே கடிந்து பேசினால் 'சிடுசிடுப்புக்காரி' என்னும் பட்டம் மட்டும் வீட்டில் உடனே கிடைத்துவிடுகின்றது! அதற்கு நமக்குச் சொல் பஞ்சமே இல்லை.

நம் முஸ்லிம் இல்லங்களில் தொழுகைக்காகவும் நோன்புக்காகவும் பெண்கள் நாள் எண்ணும் வழக்கம் தொன்றுதொட்டு உள்ளது. ஹைளு எது, இஸ்திஹாளா எது எனப் பிரித்தறியும் பயிற்சியும் உண்டு. மாறுகாலத்தில் அக்கணக்குக் குழம்பும்போது ஐயத்தை மார்க்க அறிஞரிடம் வினவுவோர், அதே கணக்கை மருத்துவரிடம் காட்டுவது அரிதாக உள்ளது. மருத்துவர் முதலில் கேட்பதும் அந்த நாட்கணக்கையே அன்றோ?

காட்டாமையால் விளையும் கேடு சிறிதன்று. அளவிறந்த உதிரப்போக்கை 'இந்த வயதில் இப்படித்தான்' என ஒதுக்கி, இரத்தசோகையோடு அடுப்படியில் நிற்போர் பலர். தைராய்டுக் கோளாறும் இதே வேடத்தில் வரும். மாதவிடாய் நின்று ஓராண்டுக்குப் பின் ஒரு துளி உதிரம் தோன்றினும் காலந்தாழ்த்தாது மருத்துவரைக் காணவேண்டும். கருப்பைப் புற்றின் முதல் அறிகுறியாகவும் அது இருக்கக்கூடும். மறுபுறம், தொல்லை ஒழியட்டும் எனக் கருப்பையை அகற்றிக்கொள்ள விரைவோரும் உளர். மருந்தால் தீருமா என வினவிய பின்னரே அம்முடிவுக்கு வரலாம். அதனோடு சூலகங்களையும் நீக்கினால் மாறுகாலம் என்பதே இன்றி ஒரே நாளில் எல்லாம் நின்று, எலும்பும் விரைந்து தேயத் தொடங்கும்.

சுரப்பு மருத்துவம் குறித்த அச்சம், அமெரிக்காவில் 2002இல் பேராய்வு ஒன்றின் ஒரு பகுதி இடையில் நிறுத்தப்பட்டபோது உலகெங்கும் பரவியது. அறுபது வயதுக்குட்பட்டோர், மாதவிடாய் நின்று பத்தாண்டு கடவாதோர் ஆகியோருள் பலருக்கு அதன் நன்மை தீமையினும் மிகுதி எனப் பின்னர்த் தெளிவாயிற்று. மார்பகப் புற்றுற்றோர் போன்றோர்க்கு அது பொதுவாக ஏற்றதன்று. எவருக்குத் தகும் என்பதை மருத்துவரே உரைக்க வேண்டும்.

தமிழ்த்துறையார் செய்யக்கூடியது வேறொன்று. கலைச்சொல்லாக்கம் பயிலும் மாணவியர்க்கு இப்பருவத்தின் பெயரையே பயிற்சியாக அளிக்கலாம். 'மாறுகாலம்' பிடிக்கவில்லையெனின் வேறொன்று படைக்கட்டும். அவர்தம் அன்னையருள் பலர் இன்று அவ்வயதினர். அச்சொல் பொருந்துமா என அவர்களையே கேட்டு வரட்டும்.