ஜாமீனும் சாமானியனும்

(இரண்டாமாண்டு, பி.எஸ்ஸி. வேதியியல்)

மதுரை மாநகரில் கோவலன் வெட்டுண்டு வீழ்ந்தது ஏன்? அவன் கையில் சிலம்பு இருந்ததாலா? இல்லை! பொற்கொல்லன் சொன்ன சொல்லையே பாண்டியன் தீர்ப்பாகக் கொண்டுவிட்டதால். குற்றம் சாட்டப்படுவது வேறு, குற்றம் மெய்ப்பிக்கப்படுவது வேறு. இதைச் சிலப்பதிகாரம் போல் அழுத்தமாக உணர்த்தும் கதை நம்மிடம் வேறில்லை.

இவ்விரண்டிற்கும் இடைப்பட்ட காலத்தில் ஒரு மனிதனை எங்கே வைப்பது? சிறையிலா, வீட்டிலா? இக்கேள்விக்கு விடைதான் ஜாமீன். ஜாமீன் என்பது வழக்கிலிருந்து விடுதலை அன்று. அழைத்த நாளில் வந்து நிற்பேன் என்னும் உறுதிமொழி. ஜாமீன் பொது விதி, சிறை விதிவிலக்கு என்னும் கொள்கையை 1977-இல் உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி வி. ஆர். கிருஷ்ணய்யர் வகுத்தார்.

கொலை போன்ற கொடிய குற்றங்களில் ஜாமீன் எளிதில் கிடைப்பதில்லை. குற்றத்தின் தன்மை, அதற்குரிய தண்டனை, கிடைத்துள்ள சான்று, ஆள் தப்பி ஓடுவானா, சாட்சியைக் கலைப்பானா என்பனவற்றை நீதிமன்றம் சீர்தூக்கிப் பார்க்கிறது. இது தேவையே. நம் சேலம் மாவட்டத்திலேயே இதற்குச் சான்று உண்டு. ஓமலூரைச் சேர்ந்த பொறியியல் பட்டதாரி கோகுல்ராஜ் 2015-இல் சாதி வெறிக்குப் பலியானார். முதன்மைக் குற்றவாளிக்கு உயர் நீதிமன்றம் அளித்த ஜாமீனை 2016-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. பின்னர் முக்கியச் சாட்சியே பிறழ்ந்து பேசியபோதும், 2022-இல் மதுரைச் சிறப்பு நீதிமன்றம் ஆயுள் தண்டனை வழங்கியது. செல்வாக்கு உள்ளவர் வெளியில் உலவினால் ஏழைச் சாட்சியின் நா எழுமா? ஆகவே சில வேளைகளில் ஜாமீன் மறுப்பும் நீதியே.

ஆனால் நாணயத்திற்கு மறுபக்கமும் உண்டு. 2013 டிசம்பரில் ஆந்திரத்துச் சேஷாசலம் காட்டில் வனத்துறை அலுவலர் இருவர் கொல்லப்பட்டனர். கொடிய குற்றம்தான். அதன் பேரில் தமிழகத்துக் கூலித் தொழிலாளர்கள் நூற்றுக்கணக்கில் பிடிக்கப்பட்டனர். 2016-இல் திருப்பதி நீதிமன்றம் ஏறத்தாழ 300 பேரைக் குற்றமற்றவர்கள் என விடுவித்தது. அதற்குள் பலருக்குச் சிறையிலேயே ஆண்டுகள் கழிந்துவிட்டன. போன காலத்தை யார் திருப்பித் தருவது?

செம்மர வழக்குகளில் சிக்குவோரில் ஜவ்வாது மலை, கல்வராயன் மலையைச் சேர்ந்த மலையாளிப் பழங்குடியினர் பலர். நம் சேர்வராயன் மலையில் வாழ்வோரும் அதே இனத்தவரே. என் தந்தை ஏற்காட்டில் காப்பித் தோட்டக் கூலி. எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படியேறிய முதல் ஆள் நான். எங்களைப் போன்றோர்க்கு ஜாமீன் உத்தரவு கிடைத்தாலும் பூட்டு திறப்பதில்லை. சொத்துள்ள இருவர் ஜாமீன்தாரராக வரவேண்டும். வீட்டு வரி ரசீது வேண்டும். தோட்டத்து லைன் வீட்டில் இருப்பவனுக்கு ஏது வரி ரசீது? இருபது கொண்டை ஊசி வளைவு இறங்கிச் சேலத்தில் ஆள் தேடுவதே பெரும்பாடு. மொழி தெரியாத ஆந்திரத்தில் யாரைத் தேடுவது?

இக்கேள்வி புதிதன்று. 1978-இல் மத்தியப் பிரதேசத்து ஏழைக் கொத்தனார் மோதிராம் வழக்கில் நீதிபதி கிருஷ்ணய்யரே இதை எழுப்பினார். கீழ்நீதிமன்றம் 10,000 ரூபாய்க்கு ஜாமீன் கேட்டது. அண்ணன் தம்பி முறையில் ஒருவர் முன்வந்தும், அவர் சொத்து வேறு மாவட்டத்தில் இருப்பதாகச் சொல்லி ஏற்க மறுத்தது. உச்ச நீதிமன்றமோ 1,000 ரூபாய் சொந்த ஜாமீனில் அவரை விடச் சொன்னது. உள்ளூர் ஜாமீன்தாரரை வற்புறுத்த வேண்டாம் என்று 2023 சனவரியிலும் அது அறிவுறுத்தியது. இத்தனைக்குப் பிறகும், 2022-ஆம் ஆண்டுக் கணக்குப்படி, இந்தியச் சிறைகளில் இருந்தோரில் நூற்றுக்கு 75 பேருக்கு மேல் விசாரணைக் கைதிகளே!

வெளியூர்க்காரனை விட்டால் ஓடிவிடுவான் என்பர் சிலர். ஓடுவதற்கும் பணம் வேண்டும், போக்கிடம் வேண்டும். மனைவி மக்களும் ரேஷன் அட்டையும் ஒரே மலைக்கிராமத்தில் உள்ள கூலியாள் எங்கே ஓடுவான்? அவன் ஊர், குடும்பம், வேலை ஆகியவற்றை விசாரித்து, வாரந்தோறும் உள்ளூர்க் காவல் நிலையத்தில் கையெழுத்திடச் செய்தால் போதாதா? நீதிமன்றம் கேட்க வேண்டிய கேள்வி, “இவன் விசாரணையைக் கெடுப்பானா?” என்பதே; “இவனுக்குச் சொத்து உண்டா?” என்பதன்று. முதற்கேள்வி வலியவனைத் தடுக்கும். இரண்டாவது எளியவனை மட்டுமே தடுக்கும்.

சோதனை முடியுமுன் முடிவை எழுதிவிடும் மாணவனை எங்கள் ஆய்வுக்கூடத்தில் ஆசிரியர் ஏற்பதில்லை. நீதிக்கும் அதுவே இலக்கணம்.

மாணவ நண்பர்களே! 1987-ஆம் ஆண்டுச் சட்டப்படி காவலில் உள்ளோர்க்கும் பழங்குடியினர்க்கும் இலவச வழக்கறிஞர் பெறும் உரிமை உண்டு. ஜாமீன் கிடைத்தும் ஏழு நாளில் வெளிவராதவரைப் பற்றிச் சிறைக் கண்காணிப்பாளர் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்க வேண்டும் என்பதும் 2023 உத்தரவே. இவற்றை மலைமேல் எத்தனை பேர் அறிவர்? விடுமுறைக்கு ஊர் செல்லும்போது இச்செய்தியை நாலு பேர் காதில் போடுவோம். படித்தவன் செய்யக்கூடிய முதல் உதவி அதுவே.