காண்பதற்கும் ஒரு முறை உண்டு

சென்ற மாதம் ஹேவாஹெட்டப் பகுதியில் உள்ள ஒரு தோட்டப் பாடசாலையின் தமிழ் மன்றத்தினர் என்னைப் பேச அழைத்திருந்தனர். கண்டியிலிருந்து புறப்பட்ட பஸ் வண்டி தேயிலை மலைகளைச் சுற்றிச் சுற்றி ஏறிக்கொண்டிருந்தது. எதைப் பேசுவது என்று வழியெல்லாம் சிந்தித்தேன். இலக்கிய நயம் பேசுவோர் பலர் உளர். நான் கண்டுவந்த ஓர் ஆற்றைப் பற்றிப் பேசுவோம் என்று துணிந்தேன். கங்கையில் வாழும் ஓங்கிலை, அதாவது ஆற்று டொல்பினைக் காண்பதற்கு நாங்கள் அறுவர் சென்றுவந்த பயணமே அன்றைய பேச்சின் பொருளாயிற்று.

பேச்சு முடிந்தது. ஐயம் உள்ளவர்கள் கேட்கலாம் என்றார் தலைமை வகித்த ஆசிரியர். பத்தாம் வகுப்பு மாணவி ஒருத்தி எழுந்து நின்றாள்.

“ஐயா, எங்கள் மலைக்கும் வான் பிடித்துக்கொண்டு ஆட்கள் வருகிறார்கள். கொழுந்து பறிக்கிற என் அம்மாவைப் படம் பிடிக்கிறார்கள். பெயர் என்ன என்று ஒருவரும் கேட்பதில்லை. நீங்கள் ஓங்கிலைப் பார்க்கப் போனதும் அப்படித்தானா?”

மண்டபம் ஒரு கணம் அடங்கிப்போயிற்று. நான் ஏதோ ஒரு விடை சொல்லி அமர்ந்தேன். அது விடையன்று என்பது எனக்குத் தெரியும், அவளுக்கும் தெரிந்திருக்கும். அந்த வினா அன்றிலிருந்து என்னை விட்டபாடில்லை. ஆகவே இவ்வாரம் இப்பக்கத்தை அதற்கே ஒதுக்குகிறேன்.

முதலில் பயணத்தைச் சொல்லிவிடுகிறேன். இலங்கையின் ஆறுகளில் ஓங்கில் இல்லை. கற்பிட்டிக் கடலிலும் திருகோணமலைக் கடலிலும் அது துள்ளி விளையாடுவதைக் காணலாம்; ஆனால் நன்னீரில் பிறந்து நன்னீரிலேயே மடியும் இனத்தைக் காண வேண்டுமாயின் நாம் வடக்கே செல்லவேண்டும். பீகார் மாநிலத்துப் பாகல்பூர் மாவட்டத்தில், சுல்தான்கஞ்ச் முதல் கஹல்கான் வரை ஏறத்தாழ 60 கிலோமீற்றர் நீளமுள்ள கங்கைப் பகுதி 1991ஆம் ஆண்டில் ஓங்கில்களுக்கெனக் காப்பகமாக அறிவிக்கப்பெற்றது. விக்கிரமசீலக் காப்பகம் என்பது அதன் பெயர். தருமபாலன் என்னும் பால மன்னன் நிறுவிய பழம்பெரும் விக்கிரமசீல விகாரையின் இடிபாடுகள் கஹல்கானுக்கு அண்மையில் உள்ளன. அங்கிருந்துதான் அதீசர் என்னும் பேராசான் பதினோராம் நூற்றாண்டில் திபெத்துக்குச் சென்றார்.

நாங்கள் ஏறியது சிறிய மரப் படகு. அறுவருக்கு மேல் ஏற்ற முடியாது என்று படகோட்டி முன்னரே சொல்லிவிட்டார். பனி விலகாத காலை வேளை. நடு ஆற்றை அடைந்ததும் இயந்திரத்தை நிறுத்தினார். பேசாதிருங்கள் என்று கையால் காட்டினார். ஆறு அகன்று கிடந்தது. நீரோ சேற்று நிறம். கால்மணி நேரம் ஒன்றும் நிகழவில்லை. பின்னர் எங்கள் முதுகுப்புறத்தில் ‘சூ’ என்று ஒரு பெருமூச்சு. திரும்பினோம், வளையங்கள் மட்டுமே எஞ்சியிருந்தன. மூச்சு விடுவதற்காக அது மேலே வந்து செல்வது ஓரிரு நொடிகளே. அந்த மூச்சொலியைக் கொண்டே அவ்வூரார் அதனைச் ‘சூன்ஸ்’ என்று அழைக்கின்றனர். மூன்று மணி நேரத்தில் எட்டு முறை அதனைக் கண்டோம். கண்டோம் என்பதைவிடக் கேட்டோம் என்பதே பொருந்தும். சாம்பல் நிற முதுகு ஒன்று, நீண்டு ஒடுங்கிய அலகு ஒன்று, அவ்வளவே. எங்கள் கூட்டத்தில் ஒருவர் எடுத்த படங்களில் எல்லாம் நீர்தான் இருந்தது.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். நாம் காணச் சென்ற அந்தப் பிராணி நம்மைக் காணாது. அதன் கண்ணில் வில்லை இல்லை. கலங்கல் நீரில் பல்லாயிரம் தலைமுறை வாழ்ந்ததால் பார்வை மங்கிப்போயிற்று. வெளிச்சம் எத்திசையிலிருந்து வருகிறது என்பதை மட்டும் உணரும். ஒலியை எழுப்பி, அது மீனிலும் கரையிலும் பட்டுத் திரும்பும் எதிரொலியைக் கொண்டே அது வழி அறிகிறது, இரை தேடுகிறது. ஆகவே ஒலியே அதன் கண். இரைச்சலிடும் இயந்திரப் படகுகள் பத்து ஒருங்கே சூழ்ந்தால் அதன் கண்ணைக் கட்டிவிட்டதற்கே ஒப்பாகும். படகோட்டி இயந்திரத்தை நிறுத்தியது எண்ணெய்ச் சிக்கனத்துக்காக என்று நான் முதலில் நினைத்தேன். காரணம் வேறு என்பது பிறகே விளங்கிற்று.

இவ்வுயிரைக் காக்கவேண்டும் என்ற எண்ணம் புதியதன்று. அசோக மாமன்னன் தன் ஆட்சியின் இருபத்தாறாம் ஆண்டில் பொறித்த தூண் சாசனத்தில், கொல்லத்தகாத உயிர்களின் வரிசையில் ‘கங்காபுபுடகம்’ என்றொரு பெயர் காணப்படுகிறது. அது இந்த ஓங்கிலே என்பது அறிஞர் பலரின் கருத்து. அம்மன்னன் மகனென்று மரபு கூறும் மகிந்தர், மிகிந்தலை மலையில் மான் வேட்டைக்கு வந்த தேவநம்பிய தீசனைத் தடுத்து நிறுத்திய கதையை நம் நாட்டுக் குழந்தைகள் அனைவரும் அறிவர். இந்திய அரசு 2009ஆம் ஆண்டில் கங்கை ஓங்கிலைத் தேசிய நீர்வாழ் விலங்காக அறிவித்தது. எட்டு மாநிலங்களில் 8,500 கிலோமீற்றருக்கும் மேற்பட்ட ஆற்றுவழியில் நடத்திய கணக்கெடுப்பு 2025ஆம் ஆண்டு மார்ச்சில் வெளியாயிற்று. மொத்தம் 6,327 ஓங்கில்கள். அவற்றுள் பீகாரில் மட்டும் 2,220. பியாஸ் ஆற்றில் எஞ்சியிருக்கும் சிந்து இன ஓங்கில்களோ மூன்றே மூன்று.

காவாது விட்டால் என்னாகும் என்பதற்குச் சீனத்து யாங்சி ஆறு சான்று. அங்கு வாழ்ந்த ‘பைஜி’ என்னும் ஓங்கிலைத் தேடி 2006ஆம் ஆண்டின் இறுதியில் அறிஞர்கள் இரு கப்பல்களில் ஆறு வாரம் அலைந்தனர். ஒன்றுகூடக் கண்ணில் படவில்லை. அதனை யாரும் வேண்டுமென்று அழித்தாரல்லர். மீன் பிடிக்க வலை போட்டனர். போக்குவரத்துக்குக் கப்பல் விட்டனர். மின்சாரத்துக்கு அணை கட்டினர். ஒவ்வொன்றும் ஒரு நியாயம். நியாயங்கள் எல்லாம் சேர்ந்து ஓர் இனத்தை முடித்துவிட்டன.

இனி மாணவியின் வினாவுக்கு வருகிறேன். கஹல்கானில் எனக்குக் கிடைத்த இரண்டாவது பாடம் அதற்குத் துணை செய்கிறது. கங்கையின் அப்பகுதியில் மீன் பிடிக்கும் உரிமை தலைமுறை தலைமுறையாகச் சில நீர்நில உடைமையாளர் கையில் இருந்தது. மீனவன் தன் ஆற்றில் வலை வீசுவதற்கே அவர்களுக்குக் கப்பம் கட்டவேண்டும். 1982ஆம் ஆண்டில் கஹல்கான் மீனவர் ‘கங்கா முக்தி ஆந்தோலன்’ என்ற பெயரில் கிளர்ந்தெழுந்தனர். பல ஆண்டுப் போராட்டத்தின் பின் 1991இல் அந்த உடைமை முறை ஒழிந்தது. அதே ஆண்டில்தான் ஓங்கில் காப்பகமும் பிறந்தது! தனக்கென ஆறு கிடைத்த அதே ஆண்டில், அந்த ஆறு ஓங்கிலுக்கும் உரியது என்று மீனவனுக்குச் சொல்லப்பட்டது. இரண்டும் நியாயமே. ஆனால் வலை வீசாதே என்று சொல்ல வருகிறவர், அவ்வலையால் உண்ணும் குடும்பத்தின் பெயரையும் தெரிந்துகொள்ள வேண்டாமா? எங்களைப் போன்றோர் கொடுக்கும் படகுக் கூலி அவ்வூர்ப் படகோட்டியின் வீட்டுக்குச் சேருமானால், உயிருள்ள ஓங்கில் அவருக்கும் ஒரு செல்வமாகும். அது நகரத்துத் தரகரிடமே தங்கிவிடுமானால், ஓங்கில் அவருக்கு வலையைக் கிழிக்கும் தொல்லை மட்டுமே.

எனவே காண்பதற்கு ஒரு முறை உண்டு என்பது என் முடிவு. காணப்படுவதற்குத் தீங்கு நேரக்கூடாது. அங்கே வாழ்வோருக்குப் பயன் சேரவேண்டும். கண்டவர் திரும்பும்போது சென்றபோது இருந்தவராக இருக்கக்கூடாது. ஒன்றையேனும் அறிந்தவராகத் திரும்பவேண்டும். இம்மூன்றும் இல்லாத பார்வை, ஓங்கிலைப் பார்த்தாலும் சரி, மனிதரைப் பார்த்தாலும் சரி, வெறும் வேடிக்கையே.

ஹேவாஹெட்ட மலைகளுக்கு வருவோரிடம் இந்த அளவுகோலைப் பிடித்துப் பார்ப்போம். 1867ஆம் ஆண்டில் ஜேம்ஸ் டெய்லர் 19 ஏக்கரில் தேயிலை பயிரிட்ட லூல்கந்துரத் தோட்டம் இம்மலைப் பகுதியில்தான் இருக்கிறது. அவர் அமர்ந்த கல்லிருக்கையையும், அவர் குடிலின் எஞ்சிய புகைபோக்கியையும் காணப் பிற நாட்டார் வருகின்றனர். வரட்டும், வருவது நல்லதே. அவர் பெயரை வழிகாட்டி சொல்கிறார். அவர் இறந்த ஆண்டையும் சொல்கிறார். அந்த 19 ஏக்கரையும் வெட்டித் திருத்திய கைகள் யாருடையவை என்பதையும் சொன்னால் குறைந்தா போகும்? தமிழ்நாட்டிலிருந்து கடல் கடந்து, மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே கால்நடையாகக் கண்டிச் சீமை ஏறியவர்களின் வழித்தோன்றல்களே இன்றும் அங்கே கொழுந்து பறிக்கின்றனர். தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை அவ்வழியை நினைவுகூர்ந்து 2023ஆம் ஆண்டில் மக்கள் நடந்தார்கள். அந்நடையை அறிந்த ஒருவர் கொழுந்துக் கூடையைப் படம் பிடிக்குமுன், கூடைக்காரியை ‘அக்கா’ என்று அழைத்துப் பெயர் கேட்பார், அனுமதியும் கேட்பார். அவ்வளவுதானே அந்தச் சிறுமி வேண்டியது?

ஆனால் பிறரை மட்டும் குறை சொல்லி முடிப்பது நேர்மையாகாது. நாம் நம் ஆற்றை எந்தக் கண்ணால் பார்க்கிறோம்? ஹேவாஹெட்ட மலைகளின் ஓடைகள் மகாவலியைச் சேர்கின்றன. 335 கிலோமீற்றர் ஓடித் திருகோணமலையில் கொட்டியாரக் குடாவை அடையும் நம் பேராறு அது. அதன் மேற்பகுதியில், ஆழமும் விசையும் கொண்ட பாறைக் கசங்களில், உலகில் வேறெங்கும் இல்லாத ஒரு மீன் வாழ்கிறது. ‘லேபியோ ஃபிஷரி’ என்று 1917ஆம் ஆண்டில் அறிஞர் அதற்குப் பெயரிட்டனர். 1976இல் பொல்கொல்லை, 1985இல் கொத்மலை, விக்ரோறியா என்று அணைகள் எழுந்தன. அவை நமக்கு ஒளியும் வயலுக்கு நீரும் தந்தன, மறுப்பாரில்லை. ஆயினும் விசையாக ஓடிய நீர் தேங்கி நின்றபோது, விசையை நம்பி வாழ்ந்த மீனுக்கு இடம் சுருங்கிற்று. இன்று அது அழிவை எதிர்நோக்கும் இனங்களில் ஒன்று. அதனைக் காண வான் பிடித்து வருவாரில்லை. அதன் கரையில் வாழும் நம்முள் எத்தனை பேர் அதன் பெயரைக் கேள்விப்பட்டிருக்கிறோம்? சிங்களத்தில் லூலா என்பது விரால் மீன். கந்துர என்பது மலையோடை. லூல்கந்துர என்னும் பெயரைச் சொல்லும்போதெல்லாம் என் காதில் விரால் துள்ளும் ஓர் ஓடை ஒலிக்கிறது. நாம் அதில் தேயிலையை மட்டுமே கேட்டுப் பழகிவிட்டோம்.

ஆசிரிய அன்பர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஆண்டுக்கொரு முறை மூன்று பஸ் வண்டிகளில் பிள்ளைகளை அடைத்து, ஒரே நாளில் ஏழு இடம் காட்டி, நள்ளிரவில் வீடு சேர்க்கும் சுற்றுலா ஒருபுறம் இருக்கட்டும். ஒரு சனிக்கிழமை காலை, ஆறு மாணாக்கரை மட்டும் அழைத்துக்கொண்டு பாடசாலைக்கு அண்மையில் உள்ள ஓடைக்குச் செல்லுங்கள். அரைமணி நேரம் பேசாது அமரச் சொல்லுங்கள். எந்தப் பறவை வந்தது, எந்த மீன் தெரிந்தது, நீர் என்ன நிறம் என்று எழுதச் சொல்லுங்கள். பின்பு லயத்தில் உள்ள முதியவர் ஒருவரிடம், அவர் இளமையில் அந்த ஓடையில் கண்ட மீன்களின் பெயர்களைக் கேட்டு வரச் செய்யுங்கள். தமிழ்ப் பெயரும் சிங்களப் பெயரும் அக்கம்பக்கமாக அந்த ஏட்டில் ஏறட்டும். செலவு ஒன்றுமில்லை. கட்டுரைப் பாடத்துக்கு இதைவிட நல்ல பொருளும் கிடைக்காது. முதலில் எழுதியனுப்பும் மூன்று பாடசாலைகளின் ஏடுகளிலிருந்து சில பகுதிகளை இப்பக்கத்தில் வெளியிட ஆவலாயுள்ளேன்.

அம்மாணவிக்கு நான் அன்று சொல்லியிருக்க வேண்டிய விடை இதுதான்: “ஆம் அம்மா, நானும் வேடிக்கை பார்க்கத்தான் போனேன். படகோட்டி இயந்திரத்தை நிறுத்திய பிறகுதான் காணத் தொடங்கினேன்.” ஆயினும் அந்தப் படகோட்டியின் பெயரை நான் கேட்டு வரவில்லை. ஹேவாஹெட்டவிலிருந்து பஸ் இறங்கிக்கொண்டிருந்தபோதுதான் அது என் நினைவுக்கு வந்தது.